ஒருத்தனும் அடிக்காத ஆட்டம்

"அண்ணாச்சி, ஏன் இப்படி வேர்த்துக் கொட்டுது? ஃபேன் ஓடுதுல்லா?"

சம்பந்தியாக வரப்போகிற ஜாபேஸ் கேட்டதும் பாக்கியசீலன் கைக்குட்டையால் கழுத்தைத் துடைத்தார். "ஆட்டம் அப்படி இருக்கு" என்றார். டிவியில் அமெரிக்கக்காரர்கள் பேஸ்பால் ஆடிக்கொண்டிருந்தார்கள்.

தானாக இழுத்துவிட்டுக்கொண்ட வினை. மகள் ஃபெபியும் ஜாபேஸின் மகன் எபியும் கல்லூரியிலேயே ஒருவரையொருவர் விரும்பியவர்கள். எபி இப்போது அமெரிக்காவில் வேலை பார்க்கிறான். சம்பந்தம் பேச ஜாபேஸ் முதன்முதலில் போன் செய்தபோது அவருடைய வாட்ஸ்அப் படத்தில் தலையில் பேஸ்பால் தொப்பி இருந்தது. மகனோடு ஆறு மாதம் தங்கிவிட்டு வந்த மனுஷன், அந்த ஊர் ஆட்டத்தில் பைத்தியமாக இருப்பார் போல என்று நினைத்து, "பேஸ்பால்னா எனக்கும் உசுரு அண்ணாச்சி" என்று பாக்கியசீலன் அளந்துவிட்டார். பாளையங்கோட்டை கோர்ட்டில் குமாஸ்தா அவர். எத்தனையோ பொய்ச்சாட்சிகளைப் பார்த்திருந்தும் புத்தி வரவில்லை.

அந்தப் பக்கம் ஜாபேஸ் இரண்டு தடவை இருமினார். பிறகு, "அப்படியா! ரொம்ப சந்தோசம். நேர்ல வாறோம், சேந்து பாப்போம்" என்று பதில் வந்தது.

போனை வைத்த கையோடு பாக்கியசீலன் பக்கத்து வீட்டு பி.டி. மாஸ்டர் ஜெய்சனிடம் ஓடினார். பிள்ளைகளுக்கு பேஸ்பால் சொல்லிக்கொடுக்கிறவர் ஜெய்சன்.

"ஒரே ஆட்டத்துல நாலு தடவை பந்தை வெளிய அடிச்சவன் இருக்கான். ஒத்தை ஆளா நின்னு ஒரே பந்துல மூணு பேரை அவுட்டாக்குனவனும் இருக்கான். ஆனா எல்லாத்துக்கும் மேல பெர்ஃபெக்ட் கேம். எதிராளி எவன் மட்டையத் தூக்கிட்டு வந்தாலும் வந்த வழியே திரும்பணும். ஓடிப்போய்த் தொட வேண்டிய முதல் பேஸை ஒருத்தன்கூட மிதிக்கக் கூடாது. நூறு வருசத்துக்கு மேல ஆடுதானுவ, இருபத்துச் சொச்சம்தான் நடந்திருக்கு. நெசமான ரசிகனுக்கு அம்புட்டும் அப்போஸ்தலமார் பேரு மாதிரி மனப்பாடம்."

"எனக்கு எது மனப்பாடம் ஆவும்?"

"ஒண்ணே ஒண்ணை மட்டும் பிடிச்சிக்கிடுங்க. அப்படி ஒண்ணு நடக்கும்போது அதப் பத்தி வாயைத் திறக்கக் கூடாது. சொன்னா கெட்டுப்போவும்னு நம்புதானுவ. இருந்த எடத்தை விட்டும் அசையக் கூடாது."

அது, அவர்கள் பெண் கேட்டு வந்த இன்றைக்கே தலையில் விடியும் என்று யார் கண்டது! ஃபெபிதான் டிவியைப் போட்டுவிட்டுப் போனாள். பாதி ஆட்டம் போன பிறகுதான் பாக்கியசீலன் கவனித்தார். எதிரணிக்கு எல்லாக் கட்டத்திலும் பூஜ்யம். ஒருவனும் முதல் பேஸை மிதிக்கவில்லை. அவர் ஜாபேஸைப் பார்த்தார். ஜாபேஸும் அவரைப் பார்த்துவிட்டு, சட்டென்று டிவிப் பக்கம் திரும்பிக்கொண்டார்.

ஆளுக்கு விஷயம் தெரியும் என்று பாக்கியசீலன் முடிவுகட்டினார். தன் வீட்டு வாயால் இந்த ஆட்டம் கெட்டால் சம்பந்தமும் கெட்டது, அப்புறம் மகள் முகத்தில் எப்படி முழிப்பது?

அப்போது பார்த்து அவர் மனைவி ஹெப்சிபா முந்திரிக்கொத்தும் காபியுமாக வந்தாள். டிவியை ஒரு பார்வை பார்த்தாள். "இதென்ன, இன்னும் ஒருத்தனும் அடிக்..."

"ஏட்டி!" என்று அலறிக் கையை நீட்டினார் பாக்கியசீலன். தட்டு சரிந்தது. காபி முழுவதும் ஜாபேஸின் மனைவி லில்லிபுஷ்பத்தின் பட்டுச்சேலையில் கொட்டியது.

"ஐயோ மதினி! வாங்க, உடனே தண்ணி விட்டு அலசிருவோம்" என்று பதறினாள் ஹெப்சிபா.

லில்லிபுஷ்பம் எழப்போனாள்.

"எந்திரிக்கக் கூடாது!"

பாக்கியசீலனின் குரல் அவருக்கே புதிதாக இருந்தது. லில்லிபுஷ்பம் பாதி எழுந்தவள் அப்படியே உட்கார்ந்துவிட்டாள். சேலையிலிருந்து காபி சொட்டிக்கொண்டிருந்தது.

"எபிகிட்டயாவது பேசுவோம்னா, அங்கன இன்னும் விடியல, தூங்குதான்" என்று லில்லிபுஷ்பம் தனக்குள் முணுமுணுத்தாள். அப்புறம் பெருமூச்சு விட்டாள். "சரி, வந்த காரியத்தைப் பாப்போம். எல்லாரும் எந்திரிங்க, ஜெபம் பண்ணிட்டுப் பேச்சை ஆரம்பிப்போம்."

டிவியில் கடைசிக் கட்டம். இன்னும் மூன்றே பேர்தான் பாக்கி.

"ஜெபத்த... கடைசில வச்சிக்கிடலாமா?"

சபைக் கமிட்டியில் இருக்கிற மனுஷன் வாயிலிருந்து வரும் பேச்சா இது? ஹெப்சிபா சுவரில் சாய்ந்துவிட்டாள்.

"கர்த்தரைக் கடைசியில வைக்கிற வீட்டுலயா பொண்ணு எடுக்கணும்?" லில்லிபுஷ்பம் கைப்பையை எடுத்துக்கொண்டு எழுந்தேவிட்டாள். "வாங்க, போவோம்."

ஜாபேஸ் அசையவில்லை. மனைவியைப் பார்க்கவும் இல்லை. பாக்கியசீலன் எப்படி உட்கார்ந்திருந்தாரோ அதே மாதிரி முழங்காலைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார். "பைய உக்காரு லில்லி" என்றார், உதடு அசையாமல்.

முதல் ஆள் அவுட். இரண்டாவது ஆளும் அவுட். வெளியே தள்ளிவைத்த ஜெபத்தைப் பாக்கியசீலன் உள்ளுக்குள் மூச்சுவிடாமல் பண்ணிக்கொண்டிருந்தார். ஆண்டவரே, என் பொய்யை மன்னியும், இந்த ஒரு பந்தை மட்டும் பார்த்துக்கொள்ளும்.

மூன்றாவது ஆள் ஓங்கி அடித்தான். பந்து மேலே போனது. பாக்கியசீலன் கண்ணை இறுக மூடிக்கொண்டார். டிவியில் எழுந்த கூச்சலைக் கேட்டுக் கண்ணைத் திறந்தபோது, மதிலோரம் விழுந்துகிடந்தவன் கையுறையில் பந்து இருந்தது.

ஜாபேஸ் துள்ளி எழுந்து அவரைக் கட்டிக்கொண்டார். இரண்டு பேருக்கும் கண் கலங்கிவிட்டது.

"அண்ணாச்சி! பெர்ஃபெக்ட் கேம்! இன்னைக்கு நம்ம கண்ணு முன்னால நடந்திருக்கு!"

"இதுக்கு முன்ன நடந்த அம்புட்டும் எனக்கு மனப்பாடம் அண்ணாச்சி. இந்த மாதிரி ஒண்ணு நடந்ததே இல்ல!" என்றார் பாக்கியசீலன்.

"எனக்கும் அத்தனையும் தலைகீழ்ப் பாடம்லா! லில்லி, சேலைய விடு, புதுசு எடுத்துத் தாறேன். நெசமான ரசிகன் அசைவானா? இந்த வீட்டுலதான் பொண்ணு எடுக்கோம்!"

பாக்கியசீலனுக்குப் போன உயிர் திரும்பி வந்தது. எல்லாரும் ஜெபத்துக்கு எழுந்து நின்றார்கள். சத்தம் வேண்டாம் என்று டிவியை அணைக்க வந்த ஃபெபி, ரிமோட்டைக் கையில் வைத்துக்கொண்டு இரண்டு பேரையும் மாறி மாறிப் பார்த்தாள்.

"அப்பா, மாமா... அமெரிக்காவுல இப்பம் எவன் முழிச்சிருந்து ஆடுவான், இது நான் பள்ளிக்கூடம் படிக்கும்போது நடந்த பழைய மேட்ச்சுல்லா, உங்க ரெண்டு பேருக்கும் மனப்பாடமா இருக்கும், சும்மா ஓடட்டும்னுதான் போட்டுவிட்டேன்!"