மாமனாரின் கம்பளியை வேகவைத்தேன்

துணி துவைப்பதில் என்னை மிஞ்ச ஆளில்லை என்று பதினெட்டு வயதில் நினைத்திருந்தேன். கல்யாணமாகிச் சேலத்திலிருந்து பேரிகை என்ற குளிர் மிகுந்த ஊருக்கு வந்த இருபதாம் நாள் அந்த நினைப்பு போய்விட்டது. ஆயிரத்துத் தொள்ளாயிரத்து ஐம்பதுகளின் நடுவில், ஒரு மார்கழி மாதம்.

என் மாமனார் அதிகம் பேசாதவர். (அவரைப் பார்த்தாலே எனக்கு நாக்கு ஒட்டிக்கொள்ளும்.) அன்று ஏரிச் சேற்றில் சிக்கிய எருமையை இழுத்துக் கரையேற்றிவிட்டு, தலை முதல் கால்வரை சேறாக வந்தார். போர்த்தியிருந்த கறுப்புக் கம்பளியின் நிறமே தெரியவில்லை. நல்ல பெயர் வாங்க இதைவிடச் சந்தர்ப்பம் வாய்க்காது என்று அதை வாங்கிக்கொண்டேன். பச்சைத்தண்ணீரில் அலசினால் போதும் என்றார் மாமியார். எங்கள் வீட்டில் அழுக்கு வேட்டிகளைச் சலவைச் சோடா போட்டு வேகவைப்போம் என்று அவருக்கே பாடம் எடுத்தேன்.

அண்டாவில் தண்ணீர் தளதளவென்று கொதித்தது. கம்பளியைப் போட்டு, சோடாவை இரண்டு மடங்காகக் கொட்டி, கழியால் கிண்டினேன். வீடெங்கும் நனைந்த ஆட்டு வாடை. பிறகு கல்லில் போட்டுக் கை ஓயும்வரை அடித்தேன். சேறு சுத்தமாகப் போயிருந்தது. கூடவே கம்பளியில் பாதியும் போயிருந்தது. ஆளையே மூடிய கம்பளி, காய்ந்தபோது உட்காரும் மணை அளவுக்குச் சுருங்கி, அடைபோலத் தடித்துக் கிடந்தது. நானும் என் கணவரும் ஆளுக்கொரு முனையைப் பிடித்து இழுத்தோம். நான்தான் சறுக்கி விழுந்தேன், அது அசையவில்லை.

அந்தக் குளிருக்கு மாமனாரிடம் வேறு கம்பளி கிடையாது. என்னைப் பிறந்த வீட்டுக்கே அனுப்பிவிடுவார்கள் என்று முடிவுசெய்து, அழுதுகொண்டே அதை அவர்முன் நீட்டினேன். திருப்பித் திருப்பிப் பார்த்தார். போர்த்திப் பார்த்தார், ஒரு தோளுக்குத்தான் வந்தது.

"ஏம்மா, தொவைக்கத்தான குடுத்தன்? சமைச்சு வெச்சிருக்கறயே" என்றார்.

அதுவரை என்னிடம் அவர் இவ்வளவு நீளமாகப் பேசியதில்லை. மாமியார் முந்தானையால் வாயை மூடிக்கொண்டு உள்ளே ஓடினார். (அழுவதற்கு அல்ல.)

மறுநாள் மாமனார், மாமியாரின் பழைய புடவையை நான்காக மடித்துப் போர்த்திக்கொண்டு சந்தைக்குப் போய்ப் புதுக் கம்பளி வாங்கிவந்தார். கடைசிவரை அதைத் தானேதான் ஏரியில் அலசினார்.

என் இளைய மகன் கொஞ்சம் குட்டை. அறுபது வயதாகியும், கல்யாண வீடுகளில் அவனைப் பார்த்ததும் சொந்தக்காரர்கள் கேட்பது இதைத்தான்: "சின்னதுல உங்கம்மா உன்னைய வெந்நீர்ல குளிப்பாட்டிட்டாங்களா?"