பள்ளத்தெருவில் இல்லாத சாக்கடை

மினுக்கபுரி என்றொரு நாடு இருந்தது. அங்கே திரையில் தெரிவது மட்டுமே உண்மை என்பது சட்டம். திரையில் எது தெரியலாம் என்பதைத் தணிக்கை அமைச்சர் கத்தரிநாதர் முடிவு செய்வார்.

அந்நாட்டில் இளவேனி என்ற பெண் ஆவணப்படங்கள் எடுத்துவந்தாள். பள்ளத்தெருவில் முத்துப்பேச்சியின் மகள் திறந்த சாக்கடையில் விழுந்து காலை உடைத்துக்கொண்டபோது, தெருக்காரர்களைப் பேசவைத்து ஒரு படம் எடுத்தாள். அதைப் பார்த்தாவது சாக்கடைக்கு மூடி போடுவார்கள் என்று நம்பினாள்.

கத்தரிநாதர் படத்தைப் பொறுமையாகப் பார்த்தார்.

"படம் பிரமாதம் அம்மா. சாக்கடையை மட்டும் எடுத்துவிடலாம்."

"படமே அதைப் பற்றித்தானே ஐயா?"

"அதனால்தான் சொல்கிறேன்."

வெட்டியது போக ஒரு வாசற்கோலமும் இளவேனியின் நன்றியுரையும் மிஞ்சின. தூய்மையான தெருவைக் காட்டிய படம் என்று அதற்கு அரச விருது கிடைத்தது. விருது பெற்ற தெருவில் சாக்கடை இருக்க முடியாது என்பதால், தூர்வாரும் வண்டி அரண்மனைக் குளத்துக்கு அனுப்பப்பட்டது. சாக்கடை வழிந்து குடிநீரில் கலந்தது. இல்லாததைப் பற்றிப் புகார் சொல்வது வதந்தி என்று அடுத்த ஆணை வந்தது.

"கேடயம் வாங்கிட்டு வந்தியேம்மா, அதைக் கவுத்துப் போட்டாலாவது அந்தக் குழி மூடுமா?" என்று கேட்டாள் முத்துப்பேச்சி.

இளவேனி வைத்துப் பார்த்தாள். போதவில்லை.

விருதுத் தெருவைப் பார்க்க அரசர் மினுக்கராயரே வந்தார். வழியெல்லாம் கைகூப்பியபடி நடந்தார். இரண்டு கைகளும் கூப்பியிருந்ததால் எதையும் பிடிக்க முடியாமல் சாக்கடைக்குள் போனார்.

"அமைச்சரே, சாக்கடையில் விழுந்துவிட்டேன்."

கத்தரிநாதர் சற்று யோசித்தார். "இங்கே சாக்கடை இல்லை அரசே. ஆகவே தாங்கள் விழவில்லை."

"பின்னே நான் எங்கே இருக்கிறேன்?"

"அதுதான் தெரியவில்லை அரசே."

அரசரைக் காணவில்லை என்று அறிவித்துவிட்டு, காலியான அரியணையைக் காக்க அவர் அவசரமாகக் கிளம்பினார். மெய்க்காவலர்களும் அவர் பின்னாலேயே போனார்கள்.

தெருக்காரர்கள்தான் அரசரைக் கயிறு போட்டுத் தூக்கினார்கள். முத்துப்பேச்சி குடத்துத் தண்ணீரை அவர் தலையில் ஊற்றினாள். அதிலும் அதே வாடைதான்.

இளவேனி கேமராவை எடுத்துவந்தாள். மினுக்கராயர் ஈரம் சொட்ட நிமிர்ந்து நின்றார்.

"இந்தச் சாக்கடைக்கு இன்றே மூடி போடும்படி ஆணையிடுகிறேன்."

"ஆணையெல்லாம் அமைச்சர் கூடவே போயிருச்சுய்யா. இனிமே எங்கள மாதிரி கேமராவப் பாத்துக் கேக்க வேண்டியதுதான்," என்றாள் முத்துப்பேச்சி. "நிறையப் பேசுங்க. வெட்டுனது போக ஒரு வார்த்தையாச்சும் மிஞ்சட்டும்."