பூஜ்யம் ஒன்றானது பற்றி வெர்னா அக்காவுக்கு

மதிப்பிற்குரிய மூத்த சகோதரி வெர்னா அவர்களுக்கு, மேற்கு வர்ஜீனியா மலையிலிருந்து தம்பி டெல்மர் தாழ்மையுடன் எழுதிக்கொள்வது. இங்கே நானும் மகள் டார்லாவும் சுகம். ஒஹாயோவில் தங்கள் சுகத்தை விசாரிப்பது முறைதான். ஆனால் டயாலிசிஸ் இயந்திரத்தோடு வாழ்கிறவரிடம் சுகமா என்று கேட்டால் தாங்கள் திட்டுவீர்கள் என்பதால் அந்த வரியை விட்டுவிடுகிறேன்.

டார்லா தங்களுக்குத் தருவதாகச் சொன்ன சிறுநீரகம் வந்து சேர ஏன் இத்தனை தாமதம் என்று கேட்டிருந்தீர்கள். போனில் சொன்னால் நான் கத்துவேன் என்று டார்லா என்னைக் கடிதம் எழுதச் சொன்னாள். "எதையும் மறைக்காம எழுதுங்கப்பா" என்றும் சொன்னாள். விஷயம் இதுதான். உங்கள் ஆஸ்பத்திரி அவளுடைய பழைய மருத்துவக் குறிப்புகளைக் கேட்டது. எங்கள் ஊர் கிளினிக் அனுப்பியது. அதில் வருஷா வருஷம் ஒரே நோய்க் குறியீடு: ஓபியாய்டு சார்பு, அதாவது வலி மாத்திரைப் போதைப் பழக்கம், கடைசி எண் பூஜ்யம். பூஜ்யம் என்றால் நோய் இன்னும் இருக்கிறதாம். தணிந்துவிட்டது என்றால் அங்கே ஒன்று இருக்க வேண்டுமாம். பழக்கத்தில் இருப்பவளிடம் சிறுநீரகம் எடுக்கமாட்டோம் என்று உங்கள் ஆஸ்பத்திரிக்காரர்கள் நிறுத்திவைத்துவிட்டார்கள். அக்கா, உனக்குத் தெரியாததா. முதியோர் இல்லத்து வேலையில ஆளைத் தூக்கித் தூக்கி அவளுக்கு முதுகு போயி, வலி மாத்திரையில ஆரம்பிச்சு, என் மரம் அறுக்கிற மெஷினைக்கூட வித்துத் தின்னவதான். இல்லேன்னு சொல்லலை. ஆனா ஏழு வருஷமா ஒண்ணுகூடத் தொடலை. போன குளிர்காலம் கடைவாய்ப் பல்லைப் பிடுங்கினாங்க. வலி மாத்திரைச் சீட்டை அந்தப் பல் டாக்டர்கிட்டயே திருப்பிக் கொடுத்துட்டு, தாடையில ஐஸ் கட்டியை வச்சுக்கிட்டு, வேலை பார்க்கிற மளிகைக்கடை இறைச்சிக் கவுண்டர்ல நின்னு பன்றித் தொடை வெட்டினா. சுரங்கத்துல கூரை இடிஞ்சு விழுந்ததைப் பார்த்தவன் நான். அப்படி ஒரு தைரியத்தை அங்கேகூடப் பார்த்ததில்லை.

சரி, ஒரு எண்ணுதானே, மாத்திடலாம்னு நானே கிளினிக்குக்குப் போனேன். டார்லா வேண்டாம்னுதான் சொன்னா. அங்கே டாக்டர் எழுதுறதைப் படிச்சுக் குறியீடு போடுறது ட்வைலா, நம்ம சர்ச்சுல பியானோ வாசிக்கிறவ. சும்மா போகக்கூடாதுன்னு பிளாக்பெர்ரிப் பழம் போட்டுச் சுட்ட கேக்கைத் தட்டோட கொண்டுபோய் மேஜையில வச்சேன். தட்டு சரிஞ்சு சாறெல்லாம் கீபோர்டுல இறங்கிடுச்சு. அவ பொறுமையா துடைச்சுக்கிட்டே சொன்னா, "டெல்மர் அண்ணே, அடுத்தவங்க மருத்துவக் கோப்பைப் பத்தி உங்ககிட்ட நான் பேசவே கூடாது. பொதுவாச் சொல்றேன். டாக்டர் 'நல்லா இருக்காங்க'ன்னு எழுதினா நான் அதை 'தணிஞ்சிடுச்சு'ன்னு எடுத்துக்க முடியாது. அந்த வார்த்தையை டாக்டர்தான் எழுதணும்." நான் கேட்டேன், "ஊருக்கே தெரியும், உனக்குத் தெரியாதா?" அவ சொன்னா, "ஊருக்குத் தெரிஞ்சதையெல்லாம் நான் குறியீடு போட ஆரம்பிச்சா இந்த ஊர்ல ஒருத்தன் தலை நிமிர்ந்து நடக்க முடியாது. உங்களையும் சேர்த்துத்தான்."

அப்புறம் டார்லாவோட குறிப்பை எழுதுற கிளினிக் டாக்டர் கீஸ்லரைப் பார்க்க வேற வழியில்லாம, முழங்கால் வலின்னு பொய் சொல்லிச் சீட்டு வாங்கினேன். உள்ளே போனதும் ரத்த அழுத்தம் பார்த்தாங்க, எகிறிக் கிடந்துச்சு. அக்கா, நான் மகளுக்கு ஒரு எண்ணை மாத்தப் போனவன், எனக்கு ஒரு புது எண்ணோட வெளியே வந்தேன். உப்பு கிடையாது, ஊறுகாய் கிடையாது, உப்புப் போட்ட பன்றித் தொடை கிடையாதுன்னுட்டார். டார்லாவைப் பத்தி வாயைத் திறந்தா, "அதை அவங்க வந்து கேட்கட்டும்"னு கதவைக் காட்டிட்டார்.

விஷயம் தெரிஞ்சதும் டார்லா ஒண்ணும் திட்டலை. அது இன்னும் மோசம். மறுநாள் அவளே போனா, என்னையும் கூட வரச் சொன்னா, வாயைத் திறக்கக் கூடாதுன்னு நிபந்தனையோட. அவ நேராக் கேட்டா: "டாக்டர், ஏழு வருஷமா 'நல்லா இருக்கா'ன்னே எழுதுறீங்க. தணிஞ்சிடுச்சுன்னு ஏன் எழுதலை?"

அந்த மனுஷன் கண்ணாடியைக் கழட்டி மேஜையில வச்சார். இந்த மலையில பாதிப் பேரைச் சாவுகிட்டேயிருந்து இழுத்துப் போட்டவர் அவர். "ஒரு பையனுக்கு அப்படி எழுதினேன்மா. அடுத்த வாரமே அவன் சவப்பெட்டியைத் தூக்கினேன். அதுக்கப்புறம் அந்த வார்த்தையை எழுதக் கை வரலை. உன்மேல சந்தேகம் இல்லை. எனக்குப் பயம்."

டார்லா சொன்னா, "பயம் எனக்கும் தினம் இருக்கு டாக்டர். நீங்க எழுதினாலும் எழுதாட்டியும் நாளைக்குக் காலையில நான் எழுந்து அதே வேலையைத்தான் செய்யணும். ஆனா அத்தைக்கு அந்த வார்த்தை வேணும். என்னைச் சோதிச்சுப் பாருங்க. உண்மைன்னா எழுதுங்க, இல்லேன்னா விடுங்க."

அவர் சோதிச்சார். சிறுநீர் எடுத்தார், மாத்திரை ஏக்கம் வருதா, தூக்கம் வருதான்னு ஒண்ணு விடாம கேட்டார். ஏக்கம் கேட்டப்போ அவ ஒளிக்காம, "முந்தியெல்லாம் வரும், இப்ப வர்றதில்லை. பல்லு பிடுங்கின அன்னிக்குத்தான் வருமோன்னு பயந்தேன்"னா. அப்புறம் அவர் 'தணிஞ்சிடுச்சு'ன்னு எழுதினார், எழுத்துக்கூட்டி மெதுவா. ட்வைலா பழைய வருஷங்களோட குறியீட்டைத் தொட முடியாதுன்னுட்டா. இன்னிக்குத் தேதிக்குப் பூஜ்யம் போயி ஒண்ணு வந்துச்சு. அதைப் போட்டுட்டு எழுந்து கழிவறைக்குப் போன ட்வைலா கண்ணு சிவந்துதான் திரும்பினா. உங்க ஆஸ்பத்திரியும் தன்னோட குழுவைக் கூட்டி ஒத்துக்கிச்சு. ஆகவே அக்கா, நம்ம குடும்பத்துச் சிறுநீரகம் நம்ம குடும்பத்துக்குள்ளேயே வருது. அப்பா வழி உறுப்பு. கொஞ்சம் பிடிவாதமா இருக்கும், ஆனா உழைக்கும்.

தங்கள் உடம்பில் அது நல்லபடி குடியேற ஆண்டவன் அருளட்டும். டயாலிசிஸ் நர்சம்மாவுக்கும் என் வந்தனத்தைச் சொல்லவும்.

இப்படிக்கு, உப்பில்லாத தம்பி,
டெல்மர்

பி.கு.: கவரை ஒட்டப்போகும் நேரத்தில் போன் வந்தது. கடைசி ரத்தச் சோதனையில் டார்லாவின் சிறுநீரகம் உனக்குச் சேராதாம். ஆகவே மேலே எழுதிய குடும்பப் பெருமையை அடித்துவிடவும். அது பிட்ஸ்பர்க்கில் யாரோ ஒரு தபால்காரருக்குப் போகிறது. அவருக்குச் சேராத அவர் பெண்டாட்டியுடைய சிறுநீரகம் உனக்குச் சேருமாம், அதற்குப் பதில் அது உனக்கு வருகிறது. வேறு ஆளுக்குப் போகுதே, பரவாயில்லையா என்று டார்லாவைக் கேட்டேன். "அவருக்கும் மூத்திரம் போகணும்ல அப்பா" என்று சொல்லிவிட்டுக் கடைக்குக் கிளம்பிவிட்டாள்.