நேரலையில் ஆறு கச்சாயம்

புறணி பேசாதவர்கள் உலகத்தில் இருக்கிறார்களா என்று எனக்குத் தெரியாது. ஆனால் சேலையில் மைக்கைக் குத்திக்கொண்டு, நேரலையில், சம்பந்தப்பட்டவர்கள் குடும்பத்தோடு உட்கார்ந்து பார்த்துக்கொண்டிருக்கும்போதே புறணி பேசிய பெருமை எனக்குத் தெரிந்து எனக்கு மட்டும்தான் உண்டு.

அப்போது நான் போத்தனூரில் ஒரு பள்ளியில் கணக்கு டீச்சர். கல்லூரி மேடைகளில் வாயாடி நாலைந்து எவர்சில்வர் டம்ளர்கள் பரிசு வாங்கியிருந்ததால், பெரிய பேச்சாளர் என்ற நினைப்பு வேறு. அதை நம்பிய இன்னொரு ஜீவன் எங்கள் ஏரியா கேபிள்காரர் கனகு அண்ணன். லோக்கல் சேனலில் ஞாயிறு காலை பதினோரு மணிக்கு 'சிரிங்க அம்மணி' என்று ஒரு நிகழ்ச்சி தொடங்கினார். விருந்தினரோடு அரட்டை, நகைச்சுவை, நடுநடுவே நேயர்களின் போன். எல்லாமே நேரலை. (தைரியத்தால் இல்லை. வெட்டி ஒட்டும் மெஷின் அவரிடம் இல்லை.)

கேமராமேன், டைரக்டர், டீ வாங்கி வருபவர் எல்லாம் அவரே. அவர் ஆபீஸ் மாடியில், கல்யாண மண்டபத்துத் திரை ஒன்றைப் பின்னால் தொங்கவிட்டு, முன்னால் ஒரு சோபா. மைக்கில் இரைச்சல் வரும் என்று ஃபேனை நிறுத்திவிடுவார். வேர்க்க வேர்க்கச் சிரிக்க வேண்டும்.

மூன்றாவது வாரம் வர வேண்டிய மிமிக்ரி கலைஞர் வரவில்லை. நேயர்கள் போனும் ஒன்றும் வரவில்லை. தெரிந்த ஜோக்கெல்லாம் பத்து நிமிடத்தில் தீர்ந்துவிட்டது. கேமராவுக்குப் பின்னால் கனகு அண்ணன், ரப்பரை இழுப்பதுபோல இரண்டு கையாலும் 'இழு, இழு' என்று சைகை காட்டினார்.

இழுத்தேன். முந்தின வாரம் என்னைப் பெண் பார்த்துவிட்டுப் போன குடும்பத்தை இழுத்தேன்.

அவர்கள் கருமத்தம்பட்டிக்காரர்கள். எங்கள் கேபிள் அவ்வளவு தூரம் போகாது என்ற தெம்பு. பெயர் சொல்லவில்லை, மற்றதெல்லாம் சொன்னேன். மாப்பிள்ளையின் அப்பா காலம் முழுக்கத் தறிச் சத்தத்துக்கு நடுவில் பேசிப் பழகியவர். "பொண்ணுக்குச் சமைக்கத் தெரியுமுங்களா?" என்று என் அம்மாவிடம் ரகசியமாகக் கேட்டார். எதிர் வீட்டிலிருந்து "நல்லாச் சமைக்குமுங்க" என்று பதில் வந்தது. "அவர் மைக் இல்லாமலே பேசுவாருங்க" என்றேன். மாப்பிள்ளையோ நேர்மாறு. ஒரு வார்த்தை பேசவில்லை. வாயைத் திறக்காமலே, அம்மா சுட்டு வைத்த ஆறு கச்சாயத்தையும் காலி செய்துவிட்டார். வெல்லமும் அரிசி மாவும் எண்ணெயும் ஊறின உள்ளங்கை அகலக் கச்சாயம், ஆறு! "அந்த ஊட்டுக்குப் போனா நான் பேச வேண்டியதில்லீங்க, சுட்டுக்கிட்டே இருக்கோணும்" என்று முடித்தேன்.

கனகு அண்ணன் வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தார். போன் அடித்தது.

"வணக்கம் நேயரே, எங்கிருந்து பேசறீங்க?"

"போத்தனூர்லயேதானுங்க. என்ற தங்கச்சி ஊடு." ஒரு பெண்மணியின் குரல்.

"உங்க டிவி சத்தத்தைக் கொஞ்சம் கம்மி பண்ணுங்க."

"பண்ண முடியாது அம்மணி. அவரு பாத்துட்டிருக்காரு."

"அவருன்னா ஆருங்க?"

"மைக் இல்லாமலே பேசுவாருன்னு சொன்னீங்களே, அவருதான்."

என் சிரிப்பு முகத்திலேயே உறைந்துவிட்டது. (இதுவும் நிகழ்ச்சியின் ஒரு பகுதி என்று நினைத்த கனகு அண்ணன் கேமராவை என் முகத்துக்கு அருகில் கொண்டுவந்தார்.) அவர்கள் போத்தனூருக்கு வந்ததற்குக் காரணம் என் அப்பாதான். "பொண்ணு டிவியில வருதுங்க, வந்து பாருங்க" என்று பெருமையாகப் போன் செய்து வரச்சொல்லியிருக்கிறார்.

பேசியது மாப்பிள்ளையின் அம்மா. "அத்தை..." என்று வாய் குழறியது. பெண் பார்த்த குடும்பம் இன்னும் சம்மதமே சொல்லவில்லை. நான் ஊரறிய அத்தை என்று கூப்பிட்டாயிற்று.

"பதறாத கண்ணு. ஒண்ணே ஒண்ணு மட்டும் திருத்திக்கோ. என்ற பையன் தின்னது ஒரு கச்சாயம். மிச்சம் அஞ்சும் நான் தின்னுபோட்டேன். எனக்குச் சக்கரை. இவரு இனிப்பத் தொடவே உடமாட்டாரு. அவன்தான் ஒவ்வொண்ணா எடுத்து என்ற முந்தானைக்குள்ள குடுத்தான். பேசுனா அப்பா அந்தப் பக்கம் திரும்பிருவாருன்னு வாயே தொறக்கல. அவனைத் தீனிப்பண்டாரம்னு ஊரே சிரிக்கறதுக்கு, என்ற குட்டு வெளிய வர்றது தேவல."

போனுக்குப் பின்னாலிருந்து ஒரு குரல் இடி மாதிரி கேட்டது.

"அஞ்சா!"

லைன் கட்டாகிவிட்டது.

அந்தச் சோபாவில் என்னைப்போல் சின்னதாகிப் போனவள் யாரும் இருக்க முடியாது. ஒரு மகன் தன் அம்மாவுக்காக வாயை மூடி உட்கார்ந்திருந்ததை, நான் பெருந்தீனியாக்கிச் சிரிப்பு வாங்கியிருக்கிறேன். "நான் பேசுனது தப்புங்க, மன்னிச்சுக்குங்க" என்று கேமராவைப் பார்த்துச் சொன்னேன். அழுகையும் வந்துவிட்டது. கனகு அண்ணன் அவசரமாகப் பாத்திரக்கடை விளம்பரத்தைப் போட்டார்.

வீட்டில் அப்பா ஈசிசேரில் சாய்ந்து ஓடாத டிவியையே பார்த்துக்கொண்டிருந்தார். "சம்பந்தம் போச்சு" என்று அம்மா மட்டும் கால் மணிக்கொரு தரம் சொன்னாள்.

இரண்டு நாள் கழித்துச் சாயங்காலம் வீட்டுப் போன் அடித்தது. எடுத்தேன்.

"ஏனுங்க... நான் பேசுவேனுங்க" என்றது ஒரு குரல்.

மாப்பிள்ளை! நிஜமாகவே பேசினார். மறுநாளே அவர் அப்பா, அம்மாவை ஆஸ்பத்திரிக்கு இழுத்துக்கொண்டு போயிருக்கிறார். சர்க்கரை ஏகத்துக்கும் ஏறியிருந்ததாம். இன்னும் கொஞ்ச நாள் விட்டிருந்தால் கண்ணைப் பாதித்திருக்கும் என்று டாக்டர் திட்டினாராம். "நான் நல்லது பண்றதா நெனச்சு ஒளிச்சு ஒளிச்சுக் குடுத்துட்டேனுங்க. நீங்க போட்டு ஒடைச்சது நல்லதாப் போச்சு" என்றார். பின்னாலிருந்து அவர் அப்பா, "தேதி கேளுடா!" என்று ரகசியமாகச் சொன்னது எங்கள் சமையலறை வரை கேட்டது.

கனகு அண்ணன் அடுத்த வாரம் அத்தையை விருந்தினராகக் கூப்பிடத் துடித்தார். நான் இனி அந்தச் சோபா பக்கமே வர மாட்டேன் என்றுவிட்டேன். நாலாவது வாரம் அந்த நேரத்தில் வீட்டுமனை விளம்பரம் ஓடியது.

மகனைப் பிடிக்கும் முன்பே எனக்கு அந்த அத்தையைப் பிடித்துவிட்டது. என்னை ஒரு சொல் திட்டாமல், தன் குட்டையே உடைத்துப் பிள்ளையின் பெயரைக் காப்பாற்றிய மனுஷி. இந்தக் குடும்பம் கிடைத்ததற்கு, அன்று வராமல் போன அந்த மிமிக்ரிக்காரருக்கு இன்றும் மனதுக்குள் கும்பிடு போடுகிறேன்.

அத்தைக்கு இப்போது எழுபத்தெட்டு. கண் பளிச்சென்று தெரிகிறது. மூன்று மாதத்துக்கு ஒருமுறை பரிசோதனைக்கு நான்தான் அழைத்துப் போகிறேன். போன வாரம் புதிதாக வந்திருந்த டாக்டரம்மா, "பாட்டி, ஒளிச்சு வெச்சு இனிப்பு ஏதாவது சாப்பிடறீங்களா?" என்று கேட்டார்.

அத்தை என்னைக் கைகாட்டினார்.

"எங்கீங்க ஒளிக்கறது? இவ டிவிக்காரிங்க."