வாளி இருந்த இடம்

"அந்த வாளியைத் தூக்கிடு" என்றார் சூப்பர்வைசர், புதிதாகச் சேர்ந்த பெண்ணிடம்.

திரையில் ஆஸ்பத்திரி வராந்தா. அப்பா இறந்த சேதி கேட்டு ஓடிவரும் ஹீரோ, ஈரத் தரையில் வழுக்கி விழுந்து, முழங்காலைப் பிடித்துக்கொண்டு அழுகிறான். ஓரத்தில் ஒரு நீல வாளி. படப்பிடிப்பில் யாரோ எடுக்க மறந்தது.

படத்தில் வேண்டாததைக் கம்ப்யூட்டரில் அழிப்பது அவள் வேலை. இந்தக் காட்சி சரியாக வந்தால் வேலை நிரந்தரம். சொதப்பினால் மாதக் கடைசியில் கிளம்ப வேண்டியதுதான்.

அம்மா ஓர் அலுவலகத்தில் தரை துடைப்பவள். அவளுக்கு இது புரியவே இல்லை.

"காலேஜ் படிச்சுட்டு நீயும் துடைக்கிற வேலைக்குத்தான் போனியா?"

"நான் துடைச்சது யாருக்கும் தெரியக் கூடாதும்மா. தெரிஞ்சா தப்பு."

"நான் துடைக்கிறது மட்டும் யாருக்குத் தெரியுதாம்?"

வாளியை அழித்தாள். ஈரத் தரையில் அதன் பிம்பம் மிச்சம் நின்றது.

"வாளியே இல்ல, தண்ணியில மட்டும் வாளி தெரியுதே?" என்றார் சூப்பர்வைசர்.

ஒரு வாரம் உட்கார்ந்து தரையையே காயவைத்தாள்.

டைரக்டர் பார்த்தார். "ஏம்மா, காஞ்ச தரையில இவன் ஏன் விழறான்? அப்பன் செத்து வர்றவன் மாதிரியா இருக்கு? குடிச்சுட்டு வர்ற மாதிரி இருக்கு."

"விழாம பண்ணிடலாம் சார்" என்றார் சூப்பர்வைசர். பண்ணப்போவது அவரில்லையே.

இன்னொரு வாரம். விழாத ஹீரோ, வராந்தா நடுவில் நின்றபடியே முழங்காலைப் பிடித்துக்கொண்டு அழுதான்.

"பழையபடி விழட்டும். ஈரத்தைக் கொண்டு வா" என்றார் டைரக்டர். கொண்டுவந்தாள். அவர் தாடையைச் சொறிந்தார். "ஆனா ஈரம் எப்படி வந்துச்சு? ஓரமா ஒரு வாளி வச்சா என்ன? இதை யோசிக்க இங்க ஒரு ஆள் இல்லையா?"

அங்கே வாயைத் திறந்திருந்தால் அன்றே வேலை போயிருக்கும்.

வீட்டில்தான் வெடித்தாள். "வாளி வாளின்னு உயிரை எடுக்கறானுங்கம்மா! இப்ப வாளி வேணுமாம்!"

மறுநாள், வாளியோடு முதன்முதலில் வந்த காட்சியைத் தேடி எடுத்தாள். ஒரு புள்ளியைக்கூடத் தொடவில்லை. அப்படியே அனுப்பினாள்.

"இது வேலை!" என்றார் டைரக்டர். அன்று மாலையே நிரந்தர உத்தரவு கைக்கு வந்தது. அவளுக்குச் சிரிப்பு வரவில்லை.

படம் வந்ததும் அம்மாவைக் கூட்டிப்போனாள். பெற்றவளுக்காவது தெரிய வேண்டும்.

"அவன் பறக்கறான் பாரு, அங்க கயிறு இருந்துச்சு. நான்தான் எடுத்தேன்."

"இல்லாததை எப்படிடி பாக்கறது?"

"அந்த மலைக்கு முன்னாடி கரண்ட் கம்பம் இருந்துச்சும்மா."

"இப்ப இல்லையே."

அவள் துடைத்த முப்பத்தெட்டுக் காட்சிகள். ஒன்றும் எடுபடவில்லை. அவளும் சொல்வதை நிறுத்திவிட்டாள்.

வராந்தா வந்தது. ஹீரோ விழுந்தான். அம்மா நிமிர்ந்து உட்கார்ந்தாள். காய்ப்பு ஏறிய உள்ளங்கையால் மகளின் கையை இறுகப் பிடித்தாள். கண் கலங்கியிருந்தது.

"நிஜ வாளி மாதிரியே பண்ணியிருக்கியேடி! இப்பத்தான் நீ படிச்சது தெரியுது."