அம்புகளுக்குப் பேசிய அம்பர்

கனடாவின் ரொறன்ரோவில் ‘ஏலாது’ என்ற சொல் எந்த மொழியிலும் விளங்காத ஒரே மனிதர் எங்கள் அம்பர்தான். ஆங்கிலத்தில் ஊரே சொல்லிப் பார்த்தது. அவருடைய தமக்கை தொலைபேசியில் செக் மொழியில் சொல்லி அழுதார். நான் யாழ்ப்பாணத் தமிழில் சொன்னேன். அதற்கும் மரியாதையாகத் தலையாட்டிவிட்டுத் தன்பாட்டில் போனார்.

தொண்ணூறுகளின் தொடக்கத்தில் பார்க்டேல் பகுதியில் நாங்கள் இருவரும் ஒரே கட்டடத்தில் குடியிருந்தோம். ஒரே உணவகத்தில் கோப்பை கழுவினோம். அவர் பிராக் நகரத்துக்காரர். சுவரில் மாட்டிய வட்டப் பலகையைப் பார்த்துக் கையால் சின்ன அம்பு எறிவார்களே, டார்ட்ஸ், அதுதான் அவருக்கு உயிர். அவருடைய சொந்தப் பெயரைச் சொல்ல முயன்று நாக்குச் சுளுக்கிய பிறகு, கட்டடத்துத் தமிழர் எல்லாரும் கூடி அவருக்கு அம்பர் என்று பெயர் வைத்தோம்.

ஒருநாள் அவர் முதலாளியிடம் போய், இன்று முதல் தான் தொழில்முறை டார்ட்ஸ் ஆட்டக்காரன், கோப்பை கழுவுவது இனித் தன் தொழில் அல்ல என்று அறிவித்தார். முதலாளி கைகுலுக்கி வழியனுப்பினார். அடுத்த நாள் காலை அம்பர் வழக்கம்போல வந்து ஏப்ரனைக் கட்டிக்கொண்டு தண்ணீரைத் திறந்தார். என்ன விஷயம் என்று கேட்டேன்.

“இது வேலையில்லை. மணிக்கட்டுக்குப் பயிற்சி” என்றார்.

பயிற்சிக்கு முதலில் தெருமுனைத் தவறணைக்குத்தான் போனார். அங்கே பலகை இருந்தது. ஆனால் பியர் குடிக்காதவர் எறியக்கூடாது என்றார்கள். அம்பு குடிப்பதில்லை, நான் ஏன் குடிக்கவேண்டும் என்று அம்பர் கேட்டாராம். அத்தோடு தவறணைக் கதவு சாத்தப்பட்டது. மனிதர் தளரவில்லை. சொந்தப் பலகையைக் கொண்டுபோய் எங்கள் கட்டடத்து உடுப்புத் தோய்க்கிற அறையில் மாட்டிவிட்டார்.

முதல் வாரமே ஓர் அம்பு பலகையில் பட்டுத் தெறித்து, மூன்றாம் மாடி அன்ரியின் கூடைக்குள் பாய்ந்து, அவருடைய புருஷன் கல்யாணவீட்டுக்குப் போடுகிற சேட்டைத் துளைத்தது. அன்ரி தமிழில் கிழித்தார். அம்பர் செக் மொழியில் பதில் கொடுத்தார். ஒருவர் மொழி மற்றவருக்குத் தெரியாது. ஆனாலும் ஒரு சொல்கூட வீணாகவில்லை என்பதை இருவர் முகத்திலும் கண்டேன்.

பிறகுதான் அன்ரி ஒன்றைக் கவனித்தார். அம்பர் எறியும் நேரத்தில் பயத்தில் வேறு எவரும் அந்த அறைப்பக்கம் வருவதில்லை. மெசின் எல்லாம் சும்மா கிடந்தன. அன்றிலிருந்து அன்ரி அம்பரின் பயிற்சி நேரம் பார்த்தே உடுப்புத் தோய்க்கத் தொடங்கினார். கட்டடத்தின் பொறுப்பாளர் வந்து, ஒன்றில் பலகை போகவேண்டும், அல்லது ஆள் போகவேண்டும் என்று நின்றபோது, பலகைக்கு முன்னால் போய் நின்றவரும் அன்ரிதான்.

“அவரை அனுப்பினால் நாங்களும் போறம். எங்கடை மாடியிலை எத்தினை தமிழ்ச்சனம் எண்டு தெரியுமோ?”

பொறுப்பாளருக்கு அது தெரியும். பலகை அங்கேயே இருந்தது.

அம்பரிடம் ஒரு பழக்கம் இருந்தது. ஒவ்வோர் அம்பையும் எறியமுதல் வாய்க்குக் கிட்டக் கொண்டுவந்து அதற்குப் பேசுவார். எங்கள் ஊரில் பேச்சு என்றால் ஏச்சு. பேசாவிட்டால் அது நேராகப் போகாது என்பது அவருடைய கொள்கை. இங்கிலாந்தில் நடக்கும் பெரிய போட்டிக்கு இங்கிருந்து ஆள் தெரிவுசெய்தபோது அதுதான் வினையாயிற்று. இறுதி ஆட்டத்தின் நடுவிலே நடுவர் வந்து, இனி வாய் திறந்தால் வெளியேற்றுவேன் என்றார். அம்பர் வாயை மூடினார். அடுத்த அம்பு பலகையின் ஓரத்துக்குப் போனது. அதற்கடுத்தது சுவருக்கே போனது.

“பேசட்டுமன், உவைக்கு என்னவாம்?” என்று, என்னோடு பார்க்க வந்திருந்த அன்ரி என் காதுக்குள் பொருமினார்.

வெல்வதற்கு வெளிப்புறத்து ஒடுக்கமான வளையத்தில் ஓர் அம்பு விழுந்தால் போதும். அம்பர் நடுவரை ஒருதரம் பார்த்தார். பிறகு அம்பைத் தூக்கிப் பிடித்து, மண்டபம் முழுக்கக் கேட்கும்படி அதற்கு ஏசி, எறிந்தார். சொன்ன இடத்தில் குத்தி நின்றது. நடுவர் உடனே அவரை வெளியேற்றி, மற்றவரே வென்றார் என்று அறிவித்தார். அம்பர் எதிராளிக்குக் கைகொடுத்துவிட்டு நடுவரிடம் போனார்.

“நீங்கள் விரும்பினதை அறிவியுங்கோ. நான் வெண்டிட்டன்.”

திரும்பி வரும்போது, தெருத் தண்டவாளத்தில் ஓடுகிற ஸ்ரீற்காரில் எனக்கு அழுகையும் ஆத்திரமுமாக வந்தது. ஓர் அம்புக்காவது வாயை மூடியிருக்கலாமே என்று கேட்டுவிட்டேன். அவர் சன்னலுக்கு வெளியே பார்த்துக்கொண்டு சொன்னார்:

“ஊரிலை இளவயசு முழுக்க வாயை மூடித்தான் இருந்தன். அதுக்காண்டி இஞ்சை வரேல்லை.”

நானும் வாய் மூடி வளர்ந்த இடத்திலிருந்து வந்தவன்தான்.

அடுத்த வருஷம் அதே மண்டபம், அதே நடுவர், அதே ஏச்சு. இந்தமுறை எதிராளி ஒரு பருத்த பிளம்பர். நடுவர் எச்சரிக்க வந்தபோது, அந்த மனிதர் தனக்கு இடைஞ்சல் இல்லை, விடுங்கள் என்றார். அதோடு நில்லாமல் தன் அம்புகளுக்கும் ஏசத் தொடங்கிவிட்டார். இரண்டு பேருமாக ஏசி ஏசி எறிந்த அந்த ஆட்டத்தைப் போல இன்னொன்றை நான் காணவில்லை. பிளம்பருக்குப் பழக்கம் போதாது. அம்பர் வென்றார்.

இங்கிலாந்துக்குப் போனார். முதல் சுற்றிலேயே தோற்றார்.

அவரைக் கூட்டிவர நானும் அன்ரியும் விமான நிலையத்துக்குப் போனோம். கண்ணாடிக் கதவு திறந்து அம்பர் வந்தார். அந்த மனிதர் தலையைக் குனிந்து நடந்து நான் கண்டது அன்றுதான். அன்ரி தன் கைப்பையை என்னிடம் தந்துவிட்டுக் கைதட்டத் தொடங்கினார். பையைக் கக்கத்தில் இடுக்கிக்கொண்டு நானும் தட்டினேன். சனமெல்லாம் திரும்பிப் பார்த்தது. பக்கத்தில் நின்ற ஒரு வெள்ளைக்காரர், யார் அது, எதில் வென்றார் என்று கேட்டார்.

“அவர் எங்கடை ஆள்” என்றார் அன்ரி.

அம்பர் எங்களுக்குக் கிட்ட வந்து சேரும்வரை நாங்கள் கைதட்டுவதை நிறுத்தவில்லை.