மாடம்பாக்கத்து நகோமி

ஒரு விஷயத்தை அரைகுறையாகப் படித்த ஆளின் கையில் மைக்கைக் கொடுக்கக் கூடாது. முழுசாகப் படித்தவர் ரெண்டு வார்த்தை பேசிவிட்டு உட்கார்ந்துவிடுவார். ஒன்றுமே படிக்காதவர் வெட்கப்பட்டு மறுத்துவிடுவார். நடுவில் இருக்கிற ஆள்தான் ஆபத்து. என் நிச்சயதார்த்தத்தன்று அந்த ஆள் நான்தான். மைக்கும் கிடைத்தது.

அந்த வருஷம் கிழக்குத் தாம்பரத்தில் எங்கள் திருச்சபையில் சனிக்கிழமை சாயங்காலங்களில் வேத ஆராய்ச்சி வகுப்பு நடந்தது. நடத்தியவர் ஜோயல் அண்ணன். வாரநாட்களில் சாஃப்ட்வேர் கம்பெனியில் மற்றவர்கள் எழுதியதில் தப்பு கண்டுபிடிப்பது அவர் வேலை. அதே கண்ணோடு வேதத்தையும் வாசிக்கச் சொல்லிக் கொடுத்தார். கவனி, பொருள் காண், கடைப்பிடி என்று மூன்று படிகள். எந்த வசனத்தையும் தனியாகப் பிய்த்து எடுக்கக் கூடாது. யார் பேசுகிறார், யாரிடம் பேசுகிறார், அதற்கு முன்னும் பின்னும் என்ன இருக்கிறது என்று மூன்று கேள்வி கேட்ட பிறகுதான் அதைத் தொட வேண்டும். கலர் பென்சிலும் உண்டு. பேசுகிறவருக்கு நீலம், இடத்துக்குப் பச்சை, கட்டளைக்குச் சிவப்பு.

அருமையான வகுப்பு. என்னைச் சேர்த்ததுதான் தப்பு. நாலே வாரத்தில் நான் யாரும் பக்கத்தில் உட்கார முடியாத பிறவி ஆகிவிட்டேன். சொந்தக்காரர்கள் வீட்டுக்குப் போனால் சுவரில் மாட்டியிருக்கும், கடவுள் வாக்குக் கொடுக்கிற வாக்குத்தத்த வசனத்தைப் பார்த்து, "ஆன்ட்டி, இது யார்கிட்ட சொன்னதுன்னு தெரியுமா?" என்று ஆரம்பிப்பேன். (அந்த ஆன்ட்டி அதற்கப்புறம் எனக்குக் காபி தந்ததில்லை.) "ஒரு வசனத்தை நிம்மதியா வாசிக்க விடறியாடி நீ?" என்று அம்மா ஒருநாள் கண் கலங்கிவிட்டார்.

இந்த நேரத்தில்தான் எனக்குக் கல்யாணம் நிச்சயமானது. மாப்பிள்ளை சாம், எங்கள் பாடகர் குழுவில் கடைசி வரிசை. எங்கள் இரண்டு பேருக்கும் ஓஎம்ஆர் சாலையில் வேலை. அதனால் மேடவாக்கத்தில் ஒரு சின்ன ஃபிளாட் பார்த்துவிட்டோம். மாதக்கணக்காக அலைந்து கண்டுபிடித்த வீடு. பால்கனியில் நின்றால் எதிர் பால்கனிக்காரர் பல் தேய்ப்பது தெரியும், தண்ணீர் லாரி வந்தால்தான் குளியல். ஆனாலும் அது எங்கள் வீடு. எந்தச் சுவரில் எதை மாட்டுவது என்று மனசுக்குள் நான் குடித்தனமே ஆரம்பித்துவிட்டேன்.

ஒரே ஒரு முள் இருந்தது. சாமின் அம்மா, அதாவது என் வருங்கால அத்தை, சாமின் அப்பா இறந்த பிறகு மாடம்பாக்கத்தில் சொந்த வீட்டில் இருந்தார். கல்யாணமாகி சாமும் போய்விட்டால் தனி. "போய் நல்லா இருங்க" என்று அத்தை ஒரே வரியில் சொல்லிவிட்டார். ஒப்புக்கொள்ளாதவர் சாமின் பெரியப்பா. ரயில்வேயில் கார்டாக இருந்து ஓய்வு பெற்றவர். அவர் கொடி அசைக்காமல் அந்தக் குடும்பத்தில் எதுவும் நகராது. "விதவைப் பொம்பளையைத் தனியா விட்டுட்டு மேடவாக்கத்துல உங்களுக்கு என்ன குடித்தனம்?" என்று முறைத்துக்கொண்டே இருந்தார். கெஞ்சிக் கூத்தாடி, நிச்சயதார்த்தம் முடியும் வரை அந்தப் பேச்சை யாரும் எடுக்க வேண்டாம் என்று சாம் எல்லோரிடமும் சத்தியம் வாங்காத குறை. என்னிடம் மட்டும் வாங்கவில்லை. நான் எதற்கு எடுக்கப்போகிறேன்?

நிச்சயதார்த்த அழைப்பிதழ் அடிக்கத் தாம்பரத்தில் ஒரு அச்சகத்துக்குப் போனோம். எங்கள் ஆட்களின் பத்திரிகை என்றால் தலையில் ஒரு வேதவசனம் இருந்தே ஆக வேண்டும். அச்சகக்காரர் ஒரு ஆல்பத்தைத் தள்ளினார். "இன்னா சார், கிறிஸ்டினா? பதினாலாம் நம்பர் வசனம் போட்டுக்கோ. அதான் இப்போ நல்லா ஓடிக்கினு கீது."

பதினாலாம் நம்பர், வேதாகமத்தில் ரூத் என்ற பெண் சொன்னது. நீ போகிற இடமெல்லாம் நானும் வருவேன், நீ தங்குகிற இடத்தில் நானும் தங்குவேன் என்கிற பொருளில் வருமே, அது. சாம் உருகிவிட்டான். எனக்கு உள்ளுக்குள் சிரிப்பு. யார் பேசுகிறார், யாரிடம் பேசுகிறார் என்று எனக்குத்தான் தெரியுமே! ஆனால் அதை அங்கே சொல்லவில்லை. நல்ல சபையாகக் கிடைக்கட்டும் என்று வைத்திருந்தேன்.

கிடைத்தது. சேலையூரில் ஒரு சின்ன ஹாலில் நிச்சயதார்த்தம். மோதிரமும் வேதாகமமும் மாற்றிக்கொள்ள எல்லாம் தயார், போதகர் ஐயாவை மட்டும் காணோம். மேடவாக்கம் சாலையில் ஒரு தண்ணீர் லாரிக்குப் பின்னால் மாட்டிக்கொண்டிருக்கிறார் என்று போன் வந்தது. பிரியாணி வாசனை வர ஆரம்பித்துவிட்டது, பிள்ளைகள் சிணுங்கின. பெரியப்பா எழுந்து மைக்கைத் தட்டினார்.

"பொண்ணு வேதத்தை ஆராய்ச்சியெல்லாம் பண்ணுதாம்ல. ஐயா வர்ற வரைக்கும் ரெண்டு வார்த்தை சொல்லட்டுமே!"

மணப்பெண் என்றால் தலை குனிந்து வேண்டாம் என்று சொல்ல வேண்டும். நானோ பட்டுப்புடவையைத் தூக்கிச் செருகிக்கொண்டு, என் கலர் கலரான வேதாகமத்தோடு மைக்குக்கு ஓடினேன். சாம் ஏதோ சைகை காட்டினான். ஆசீர்வதிக்கிறான் என்று நினைத்துக்கொண்டேன்.

"பத்திரிகையில நாங்க போட்டிருக்கிற வசனத்தைப் பாருங்க. மனைவி புருஷன்கிட்ட சொன்னதுன்னுதானே நினைக்கிறீங்க?" என்று கேட்டு, ஒரு நிமிஷம் நிறுத்தினேன். (நிறுத்தி நிதானமாகப் பேசுகிறவளாம்!) "இல்ல! இதை ரூத் சொன்னது தன்னோட மாமியார் நகோமிகிட்ட!"

ஹாலே 'ஆ' என்றது. எனக்குத் தலைகால் புரியவில்லை. மோவாப் தேசம், பஞ்சம், புருஷன் செத்துப்போனது, மாமியார் பெத்லகேமுக்குத் திரும்பிப் போனது என்று இருபது நிமிஷம் விளாசினேன். அதோடு இறங்கியிருக்கலாம். மூன்றாவது படி பாக்கி இருந்ததே, கடைப்பிடி!

"அப்போ இது நமக்கு என்ன சொல்லுது? அன்புன்னா வாயால சொல்றது இல்ல. மருமக தன்னோட வசதியை விட்டுட்டு மாமியார் ஊருக்கே போய் அவங்ககூட இருக்கிறதுதான் அன்பு!"

சொல்லி முடித்த பிறகுதான் என் வாயிலிருந்து வந்தது என் காதில் விழுந்தது. அதற்குள் பெரியப்பா எழுந்து நின்றார். கண்ணில் நீர். "ஸ்தோத்திரம்! கேட்டீங்களா எல்லாரும்? மேடவாக்கம் வேணாம், மாடம்பாக்கத்துலயே அத்தைகூட இருக்கேன்னு இத்தனை பேர் முன்னாடி என் மருமக சொல்லிட்டா!" ஒரே கைதட்டல். ஒரு சித்தி ஓடிவந்து நெட்டி முறித்தாள். சாம் மட்டும் பந்தி விரித்திருந்த பக்கம் வெறித்துப் பார்த்துக்கொண்டிருந்தான்.

அந்த நேரம் பார்த்துப் போதகர் ஐயா வந்தார். விஷயம் அவர் காதுக்குப் போனது. மோதிரம் மாற்றியதும் கண்ணை மூடி, "ரூத்தைப் போல மாமியாரோடு மாடம்பாக்கத்தில் தங்கியிருக்கத் தீர்மானித்த இந்த மகளுக்காக நன்றி" என்று நெடுநேரம் ஜெபித்தார். முதல் ஆமென் பெரியப்பாவுடையது. எந்த ஜெபத்திலும் அவருடைய ஆமென்தான் முதலில் வரும், யோசனை பின்னால் வரும். அப்புறம் ஹால் முழுக்க ஆமென். எல்லோரும் என்னையே பார்த்தார்கள். நானும் சொன்னேன், ஆமென்.

பேச்சை மாற்றலாம், கையெழுத்தைக்கூட மாற்றலாம். ஜெபத்தில் ஏறிப்போனதை எப்படி இறக்குவது?

"கான்டெக்ஸ்ட் வேணும்னு உன்னை யாராவது கேட்டாங்களா பியூலா?" என்றான் சாம், பந்தியில் என் பக்கத்தில் உட்கார்ந்து. "பதினாலாம் நம்பர்னு விட்டிருந்தா ஆகாதா?" பிரியாணி எனக்குத் தொண்டையில் இறங்கவில்லை. (கொஞ்சம் இறங்கியது. நல்ல பிரியாணி.)

மறுநாள் ஜோயல் அண்ணனுக்குப் போன் போட்டு அழுதேன். "வேதத்துல நடந்தது எல்லாமே நாம செய்யணும்னு கிடையாது சிஸ்டர். அது கதையா கட்டளையான்னு பார்க்கணும். அது அடுத்த வார பாடம்" என்றார். அடுத்த வாரப் பாடமாம்! அதைத் தூக்கிக்கொண்டு பெரியப்பாவிடம் ஓடினேன்.

"பெரியப்பா, ரூத் செஞ்சது கதைதான், கட்டளை இல்ல."

"சரிம்மா. மைக்குல நீ சொன்னது கதையா?"

திரும்பி வந்துவிட்டேன். ஃபிளாட்காரரிடம் ஒரு வாரம் தவணை கேட்டோம். நானும் சாமும் தினமும் சண்டை போட்டோம். சண்டை முடிந்ததும் இரண்டு பேரும் சேர்ந்து அந்தப் பால்கனியை நினைத்துப் பெருமூச்சு விட்டோம். இதில் அத்தையோ நிச்சயதார்த்தத்திலிருந்து எங்களோடு சரியாகப் பேசவே இல்லை. சந்தோஷத்தில் வாயடைத்துப் போயிருக்கிறார் என்று நான் நினைத்தேன். பாவம், எத்தனை நாள் தனிமையோ! எனக்கே வெட்கமாகிவிட்டது. ஹாலில் விட்டுவிட்டு வந்த என் வேதாகமம் அத்தையிடம் இருப்பதாகச் சாம் சொன்னான். அதை வாங்குகிற சாக்கில் மாடம்பாக்கம் போனேன். மனசாரச் சொல்லிவிடுவது என்று தீர்மானித்திருந்தேன்.

"அத்தை, நான் உங்ககூடவே இருக்கேன். நிஜமாத்தான் சொல்றேன்."

அத்தையின் முகம் வெளுத்துப்போனது. நாற்காலியில் பொத்தென்று உட்கார்ந்தார்.

"அம்மா தாயே, வேண்டாம்மா. நீ வராத."

எனக்குப் புரியவில்லை. அத்தை என் வேதாகமத்தைப் பிரித்துக் காட்டினார்.

"அட்டையில நீ எழுதி வெச்சிருக்கிற மூணு கேள்வியை வெச்சு நானும் படிச்சேன். முன்னாடி என்ன இருக்கு? இந்த நகோமி போ, போன்னு திரும்பத் திரும்பச் சொல்றா. பாரு, நீயே செவப்புக் கோடு போட்டு வெச்சிருக்க. பின்னாடி என்ன இருக்கு? இவ கேக்கமாட்டான்னு தெரிஞ்சதும் அவ பேசறதையே விட்டுட்டா. ஏன் விட்டா? சந்தோஷத்துலயா?"

அந்தச் சிவப்புக் கோட்டைப் போட்டது நான்தான். கட்டளை என்று கோடு போட்டேனே தவிர, யாருடைய கட்டளை, எதற்கு என்று ஒரு நிமிஷம்கூட நினைக்கவில்லை. அடுத்த வரியை வாசிக்கவே இல்லை. அன்று வகுப்பு முடிந்து பஜ்ஜி வந்துவிட்டது.

"கல்யாணமான நாள்லேருந்து என் மாமியார் கண்ணை மூடற வரைக்கும் நான் ரூத்தா இருந்தாச்சும்மா" என்றார் அத்தை. "அவங்களுக்கு மூணு வேளையும் சூடா வேணும். நான் ஆறினதைத் தின்னேன். அப்புறம் இவரு படுத்துட்டாரு. இப்போதான், காலையில பக்கத்து வீட்டு மும்தாஜும் நானும் ஏரிக்கரை வரைக்கும் நடக்கறோம். வர்ற வழியில ஓட்டல்ல உட்கார்ந்து பொங்கல் சாப்பிடறோம். யாராவது சமைச்சு யாராவது பரிமாறி நான் சாப்பிடறேன்! நீ நல்ல பொண்ணு. ஆனா நீ வந்தா நான் காலையில எழுந்து உனக்கு டிபன் கட்டணும். கட்டாம இருக்க எனக்குத் தெரியாது."

சொல்லும்போது அத்தை அழுதுவிட்டார். நானும் அழுதேன். அவ்வளவு ஆனந்தமாக நான் அழுததே இல்லை. நெஞ்சில் உட்கார்ந்திருந்த கல் உருண்டு தரையில் விழுந்த மாதிரி இருந்தது.

"பெரியப்பாகிட்ட சொல்லிடலாமே அத்தை?"

"மருமக வேணாம்னு நான் சொன்னா ஊர் என்ன சொல்லும்? நான் எதைத்தான் வாயைத் திறந்து சொல்லியிருக்கேன்? ஞாயித்துக்கிழமை அவரு வர்றாரு, ரூம்ல உங்களுக்கு பீரோ எங்க வெக்கலாம்னு அளக்க. நீங்களும் வாங்க."

ஞாயிறு பெரியப்பா டேப்போடும் பெரியம்மாவோடும் வந்து சுவர் சுவராக அளந்தார். சாப்பிட்டார். எங்கள் வீடுகளில் யார் வந்தாலும் ஜெபம் பண்ணாமல் கிளம்புவதில்லை. "யாராவது ஜெபம் பண்ணுங்க" என்றார் பெரியப்பா. வழக்கமாக அத்தை நழுவிவிடுவார். அன்று, "நான் பண்றேன் அத்தான்" என்று முந்திக்கொண்டார். எல்லோரும் கண்ணை மூடினோம். நான் ஒரு கண்ணை மட்டும்.

"ஆண்டவரே, திரும்பிப் போன்னு நகோமி தன் மருமகள்களைப் பார்த்துச் சொன்னாளே, அதே மாதிரி நானும் என் பிள்ளைங்களை மேடவாக்கத்துக்கு அனுப்பறேன். போற இடத்துல அவங்களைக் காத்துக்கொள்ளும். எனக்கு நல்ல அக்கம்பக்கத்தைத் தந்தீரே, ஸ்தோத்திரம். தகப்பன் ஸ்தானத்துல நிக்கிற எங்க அத்தானுக்கும் நல்ல சுகத்தைத் தாரும்."

"ஆமென்!" என்றார் பெரியப்பா, எல்லோருக்கும் முந்தி.

கண்ணைத் திறந்தார். கையில் டேப் அப்படியே நீண்டு கிடந்தது. அத்தையைப் பார்த்தார், என்னைப் பார்த்தார். "இப்போ நான் எதுக்கு ஆமென் சொன்னேன்?" என்று பெரியம்மாவிடம் கேட்டார். "மேடவாக்கத்துக்கு" என்றார் பெரியம்மா, செருப்பை மாட்டிக்கொண்டே. டேப் சர்ரென்று உள்ளே போனது. சாம் என் கையைப் பிடித்தான். அன்றைக்கு எங்களுக்குள் சண்டை இல்லை.

அந்தப் பால்கனியில் இப்போது எங்கள் துணி காய்கிறது. எதிர் வீட்டுக்காரர் பல் தேய்க்கும்போது எங்களுக்குக் கை காட்டுகிறார். அத்தையின் போனில் என் பெயர் 'ஒர்பாள்' என்று இருக்கிறது. நகோமியின் இன்னொரு மருமகள், அழுதுகொண்டே திரும்பிப் போனவள். "மாமியார் சொன்ன பேச்சைக் கேட்டவ அவ ஒருத்திதான். பாவம், அவ பேரைப் பிள்ளைக்கு யாரும் வெக்கறதில்ல" என்பார் அத்தை. ஞாயிறு மதியம் சாப்பிட்டுவிட்டு நாங்கள் அங்கேயே நீட்டிப் படுத்தால், "போ" என்று மெதுவாக ஒரு குரல் வரும். மூன்றாவது 'போ' வருவதற்குள் சாம் வண்டிச் சாவியைத் தேட வேண்டும். எங்கள் குடும்பத்தில் இன்று யார் வீட்டில் யார் கிளம்பாமல் உட்கார்ந்திருந்தாலும், "மூணு தடவை சொல்லியாச்சு" என்றால் எல்லோருக்கும் புரியும்.

போன மாதம் எங்கள் பக்கம் தண்ணீர் லாரி வரவில்லை. துணிப்பையும் பக்கெட்டுமாக மாடம்பாக்கம் போய் நின்றோம். அத்தை கேட்டைத் திறக்காமல் கம்பி வழியாகப் பார்த்தார்.

"யார் வந்திருக்கீங்க? ஒர்பாளா, ரூத்தா?"

"ஒர்பாள்தான் அத்தை."

"முன்னாடி என்ன ஆச்சு?"

"லாரி வரல."

"சரி. பின்னாடி என்ன? எப்போ கெளம்பறீங்க?"

"புதன்கிழமை" என்றேன். கேட் திறந்தது.